அஞ்சு பழம் எங்கே போச்சு? – ஒத்த உறுப்புகள் பற்றி ஒரு விமர்சனக் குறிப்பு

போன மாசம் ஒரு நாள் சாயங்காலம் என் பொண்ணு கணக்குத் தேர்வுத்தாளைக் கொண்டுவந்து என் லேப்டாப் மேல வெச்சுட்டு, ஒண்ணும் பேசாம உள்ளே போயிட்டா. ஏழாம் வகுப்பு. 25க்கு 11. நான் மீட்டிங்கை முடிச்சுட்டுத் தாளைப் புரட்டினேன். முதல் கேள்வியிலேயே பெரிய சிவப்புச் சுழி. கேள்வி இதுதான்: 3ஆ + 2வா என்பதைச் சுருக்குக. அவள் எழுதியிருந்த விடை: 5ஆவா.

(நோட்டில் இருந்தது ஆங்கில எழுத்துகள். இந்தக் குறிப்பு முழுக்க நான் தமிழ் எழுத்துகளையே போடுகிறேன். அதற்கு ஒரு காரணமும் இருக்கிறது, கீழே வரும்.)

கூப்பிட்டுத் திட்டினேன். "ஒத்த உறுப்பா இருந்தாத்தான் கூட்டணும்னு எத்தனை தடவை சொல்லியிருக்கேன்? கவனமே இல்ல உனக்கு." அவள் அழவில்லை. ரொம்ப நிதானமா சொன்னாள்: "நீங்கதானப்பா சொல்லிக் குடுத்தீங்க, ஆ-ன்னா ஆப்பிள், வா-ன்னா வாழைப்பழம்னு. மூணு ஆப்பிள், ரெண்டு வாழைப்பழம். மொத்தம் அஞ்சு பழம். அதுல ஆப்பிளும் இருக்கு, வாழைப்பழமும் இருக்கு. அதான் 5ஆவா."

என்னிடம் பதில் இல்லை. பி.இ. படித்து, இருபது வருஷமாகப் புரோகிராம் எழுதிச் சாப்பிடுகிறவன் நான். கணக்கு வரலாற்றைப் பொழுதுபோக்காகத் தோண்டிக்கொண்டிருப்பவன். ஒரு பன்னிரண்டு வயதுப் பிள்ளையின் தர்க்கத்தில் ஓட்டை கண்டுபிடிக்க முடியவில்லை. ஏனென்றால் ஓட்டை அவள் தர்க்கத்தில் இல்லை, நான் கொடுத்த பழக்கூடையில் இருந்தது. எழுந்து போகும்போது அவள் சொன்னதுதான் உறுத்திக்கொண்டே இருக்கிறது: "எனக்குக் கணக்கு வராதுப்பா."

இந்தக் குறிப்பு அந்தப் பழக்கூடையைப் பற்றிய விமர்சனம். கூடவே, அதற்கு அண்ணன்காரனான "அந்தப் பக்கம் போனா சைன் மாறும்" என்ற மந்திரத்தைப் பற்றியும்.

பழக்கூடை என்ன சொல்கிறது?

இயற்கணிதத்தின் முதல் வாரத்தில் ஏறக்குறைய எல்லா வகுப்பறையிலும், எல்லா டியூஷனிலும் நடப்பது இது. 3ஆ + 2ஆ என்று எழுதுவார்கள். பிள்ளைகள் முழிப்பார்கள். "மூணு ஆப்பிளும் ரெண்டு ஆப்பிளும் எத்தனை?" என்பார்கள். "அஞ்சு ஆப்பிள்!" என்று வகுப்பே கத்தும். "அவ்வளவுதான், 5ஆ!" முகங்கள் எல்லாம் மலரும். அடுத்து 3ஆ + 2வா. "ஆப்பிளையும் வாழைப்பழத்தையும் கூட்ட முடியுமா? முடியாது. அப்படியே விட்டுடணும்."

இந்த உத்தி பலிக்கிறது, அதை மறுக்கவில்லை. நாற்பத்தைந்து பிள்ளைகள், நாற்பது நிமிஷப் பீரியடு என்றால் நானும் இதைத்தான் சொல்வேன். சொன்னேன். ஆனால் பலிப்பது முதல் நாள் மட்டும்தான். இரண்டாம் நாளிலிருந்து அது ஒவ்வொரு இடத்தில் உடைய ஆரம்பிக்கிறது. வரிசையாகப் பார்க்கலாம்.

ஒன்று: ஆப்பிளையும் வாழைப்பழத்தையும் கூட்ட முடியாது என்பதே பொய். பழக்கடையில் எவரும் கூட்டுவார்கள். அஞ்சு பழம். என் பெண் செய்தது அதைத்தான். உவமையை நம்பியதற்குத் தண்டனை கிடைத்தது.

இரண்டு: 3ஆ + 2வா என்பது "கூட்ட முடியாத" ஒன்று அல்ல. அது ஏற்கெனவே கூட்டப்பட்ட ஒன்று, நடுவில் கூட்டல் குறி நிற்கிறதே! முடியாதது கூட்டல் இல்லை, சுருக்குவது. "கூட்டக்கூடாது" என்று நான் திட்டியதே தப்பு வாக்கியம்.

மூன்று: பெருக்கல் வந்தவுடன் கதை முடிந்தது. ஆ × ஆ என்றால் ஆப்பிள் பெருக்கல் ஆப்பிளா? ஆவின் வர்க்கம் என்ன பழம்? 3ஆ-வும் 2ஆ²-உம் ஒத்த உறுப்புகளா இல்லையா? பழக்கூடையைக் கேட்டால், "இரண்டிலும் ஆப்பிள்தான் இருக்கு, ஒத்த உறுப்புதான்" என்று சொல்லும். தப்பான பதில்.

நான்கு: −3ஆ. கடன்பட்ட ஆப்பிள் என்று சமாளிக்கலாம். ½ஆ என்றால் வெட்டிக்கொள்ளலாம். ஆ = −5 என்று வந்தால்? ஆப்பிள் எப்படி மைனஸ் ஐந்து ஆகும்?

ஐந்து: இதுதான் விஷம். எழுத்து ஒரு எண்ணைக் குறிக்கிறது என்ற ஒரே ஒரு விஷயத்தைத்தான் அந்த வாரம் பிள்ளை கற்றுக்கொள்ள வேண்டும். பழக்கூடை அதற்கு நேர் எதிரானதைக் கற்றுக்கொடுக்கிறது: எழுத்து ஒரு பொருளின் சுருக்கப்பெயர் என்று.

இது பிள்ளைகளோடு போகிற வியாதி இல்லை

இங்கிலாந்தில் டீட்மார் கூகமன் என்ற கல்வி ஆய்வாளர் 1970களின் கடைசியில் பள்ளிப் பிள்ளைகள் எழுத்துகளை எப்படியெல்லாம் புரிந்துகொள்கிறார்கள் என்று வகைப்படுத்தினார். அந்த முடிவுகள் கேத்லீன் ஹார்ட் தொகுத்து 1981இல் வந்த நூலில் இருக்கின்றன. அதில் ஒரு வகை "எழுத்தைப் பொருளாக எடுத்துக்கொள்வது". அவர் பயன்படுத்திய கேள்விகளில் ஒன்று: நீலப் பென்சில் 5 பென்ஸ், சிவப்புப் பென்சில் 6 பென்ஸ். சில நீலமும் சில சிவப்பும் வாங்கினேன், மொத்தம் 90 பென்ஸ். நீலப் பென்சில்களின் எண்ணிக்கை நீ, சிவப்பின் எண்ணிக்கை சி என்றால், நீ, சி பற்றி என்ன எழுதலாம்?

சரியான விடை 5நீ + 6சி = 90. நிறையப் பிள்ளைகள் எழுதியது நீ + சி = 90. "நீலமும் சிவப்பும் சேர்ந்து தொண்ணூறு." படிக்க அழகான வாக்கியம். ஆனால் அதில் நீ என்பது எண் இல்லை, பென்சில்.

சரி, சின்னப் பிள்ளைகள், வளர்ந்தால் சரியாகிவிடும் என்கிறீர்களா? அதே 1981இல் ஜான் கிளெமென்ட், ஜாக் லோச்ஹெட், ஜார்ஜ் மங்க் மூவரும் அமெரிக்கன் மேத்தமேட்டிகல் மந்த்லி இதழில் ஒரு கட்டுரை எழுதினார்கள். கேள்வி ரொம்ப எளிது: இந்தப் பல்கலைக்கழகத்தில் பேராசிரியர்களைப் போல ஆறு மடங்கு மாணவர்கள் இருக்கிறார்கள். மாணவர் எண்ணிக்கை மா, பேராசிரியர் எண்ணிக்கை பே. சமன்பாடு எழுதுக. சோதிக்கப்பட்ட முதலாண்டுப் பொறியியல் மாணவர்களில் மூன்றில் ஒருவருக்கு மேல் தப்பாக எழுதினார்கள். தவறியவர்களில் பெரும்பாலோர் எழுதியது 6மா = பே.

ஆறு மாணவருக்கு ஒரு பேராசிரியர். 6மா-வை "ஆறு மாணவர்கள்" என்று வாசித்தால் அது சரியாகத்தான் தெரியும். மா-வை எண்ணாக வாசித்தால்தான் தலைகீழ் என்று புரியும்: மாணவர் 60 பேர் என்றால் ஆறு அறுபது 360 பேராசிரியர்களா? சரியானது மா = 6பே.

படித்ததும் நான் என் அலுவலக நண்பர்கள் நாலு பேரிடம் டீக்கடையில் கேட்டுப் பார்த்தேன். எல்லாரும் இன்ஜினியர்கள். யார் என்ன எழுதினார்கள் என்பது டிஷ்யூ பேப்பரோடு போகட்டும். பழக்கூடை பள்ளியோடு நின்றுவிடுவதில்லை என்பது மட்டும் எனக்கு உறுதியானது.

குதிரை இல்லை, குதிரையின் விலை

இப்போது கொஞ்சம் பழைய சங்கதி. இரண்டாம் பாஸ்கரர் 12ஆம் நூற்றாண்டின் நடுவில் எழுதிய பீஜகணிதத்தில் ஒரு கணக்கு உண்டு. விஷயத்தை மட்டும் என் வார்த்தையில் சொல்கிறேன். ஒருவனிடம் 300 ரூபமும் 6 குதிரைகளும் இருக்கின்றன. இன்னொருவனிடம் 10 குதிரைகள், ஆனால் 100 ரூபம் கடன். எல்லாக் குதிரைகளும் ஒரே விலை. இருவர் சொத்தும் சமம். குதிரையின் விலை என்ன?

கவனியுங்கள். இங்கேயும் பொருள் இருக்கிறது, ஆப்பிளுக்குப் பதில் குதிரை. பழக்கூடை மாதிரியேதான் தெரிகிறது. ஆனால் தெரியாத எழுத்தாக பாஸ்கரர் நிறுத்துவது குதிரையை அல்ல. குதிரையின் விலையை. அதற்கு அவர் போடும் எழுத்து "யா". யாவத்-தாவத் என்பதன் சுருக்கம். எவ்வளவோ அவ்வளவு என்று பொருள். சுருக்கப்பெயர்தான், ஆனால் ஒரு பொருளின் சுருக்கப்பெயர் இல்லை, ஒரு அளவின் சுருக்கப்பெயர். பெயரிலேயே "எவ்வளவு" இருக்கிறது.

(தமிழிலும் "யா" வினா எழுத்து. யார், யாது, யாவை. இரண்டுக்கும் முடிச்சுப் போட வேண்டாம், ஓசை ஒத்துப்போவது தற்செயல். ஆனால் தமிழில் தெரியாத எண்ணைக் குறிக்க எக்ஸைவிட இது எவ்வளவு பொருத்தம்! இனிமேல் இங்கே எக்ஸ் கிடையாது, யா-தான்.)

ஒன்றுக்கு மேல் தெரியாதவை இருந்தால் அடுத்தடுத்து நிறங்களின் பெயர்கள். காளகம் என்றால் கறுப்பு, அது "கா". நீலகம் "நீ". எதன் கறுப்பு, எதன் நீலம் என்று கேட்க முடியாது. அது ஒரு பொருளின் நிறமே இல்லை. ஒன்றை மற்றொன்றிலிருந்து பிரித்துக்காட்ட ஒரு அடையாளம், அவ்வளவுதான். நம் வயர்களுக்கு நிறம் கொடுக்கிற மாதிரி.

எழுதும் விதம் இன்னும் அழகு. சமன்பாட்டின் இரண்டு பக்கங்களை அவர்கள் இடம் வலமாக எழுதவில்லை. ஒன்றன் கீழ் ஒன்றாக எழுதினார்கள். "ரூ" என்பது ரூபம், அதாவது தெரிந்த எண், நம் மாறிலி:

யா 6   ரூ 300
யா 10   ரூ 100

இரண்டாவது வரியில் இருக்கும் 100க்கு மேலே ஒரு புள்ளி. புள்ளி வைத்தால் கடன், அதாவது குறை எண்.

யா-வுக்குக் கீழே யா. ரூ-வுக்குக் கீழே ரூ. ஒத்த உறுப்புகள் தானாகவே ஒரே பத்தியில் வந்து நின்றுவிட்டன! ஒன்றுகள், பத்துகள், நூறுகளை நேராக எழுதிக் கழிக்கிற மாதிரி, இங்கே யா பத்தியில் கழித்தால் 10 − 6 = 4. ரூ பத்தியில் 300 − (−100) = 400. நாலு விலை சேர்ந்தால் நானூறு. ஒரு குதிரை 100. சரிபார்க்கலாம்: முதலாமவன் 300 + 600 = 900. இரண்டாமவன் 1000 − 100 = 900. தீர்ந்தது.

ஒரே இன அளவுகளைக் கூட்டலாம், கழிக்கலாம்; வேறு இனம் என்றால் தனித்தனியாக நிறுத்த வேண்டும் என்ற விதியையும் பாஸ்கரர் வெளிப்படையாகவே சொல்கிறார். "கூட்ட முடியாது" என்று சொல்லவில்லை. தனியே நிறுத்து என்கிறார். நான் என் பெண்ணிடம் சொல்லியிருக்க வேண்டியது அதைத்தான்.

இன்னும் பின்னால் போனால், கி.பி. 499ஐ ஒட்டிய ஆரியபடீயத்தின் கணிதப் பகுதியில் இதே விதி ஒரே செய்யுளில் அடங்கிவிடுகிறது. இருவரிடமும் உள்ள பணத்தின் வித்தியாசத்தை, இருவரிடமும் உள்ள குளிகைகளின் வித்தியாசத்தால் வகுத்தால் கிடைப்பது குளிகையின் மதிப்பு, இருவர் சொத்தும் சமம் என்றால். நம் ஊர் வைத்தியர் தருகிற குளிகையும் அதே சொல்தான். இங்கே அது விலை தெரியாத ஏதோ ஒரு பொருள். பாருங்கள், இங்கேயும் தேடுவது குளிகையை இல்லை. குளிகையின் மதிப்பை.

உடனே யாரும் இதை "இயற்கணிதம் எங்கள் சொத்து" என்று வாட்ஸப்பில் ஃபார்வர்டு செய்ய வேண்டாம். அலெக்சாண்டிரியாவின் டயோஃபாண்டஸ் ஆரியபடருக்கு முன்னாலேயே தன் அரித்மெட்டிகாவின் முன்னுரையில், இரு பக்கமும் ஒத்த உறுப்புகள் இருந்தால் ஒத்ததிலிருந்து ஒத்ததைக் கழி என்று சொல்லிவிட்டார். பாபிலோனியக் களிமண் பலகைகள் அதற்கும் பல நூற்றாண்டு மூத்தவை. யார் முதல் என்பது எனக்கு முக்கியம் இல்லை. இத்தனை பேரில் ஒருவர்கூடப் பழத்தை எழுத்தாக்கவில்லை என்பதுதான் முக்கியம்.

எலும்பு கட்டுபவரின் சொல்

இப்போது அண்ணன்காரன் பக்கம் வருவோம். "அந்தப் பக்கம் போனா பிளஸ் மைனஸ் ஆகும், மைனஸ் பிளஸ் ஆகும்." என் டியூஷன் வாத்தியார் இதை "கட்சி மாறினா கொடி மாறும்டா" என்பார். சிரித்துக்கொண்டே கற்றுக்கொண்டோம். ஏன் மாறுகிறது என்று ஒருவனும் கேட்கவில்லை. கட்சி மாறுகிறவர்களிடம் யார் காரணம் கேட்கிறார்கள்?

இயற்கணிதத்துக்கு ஐரோப்பிய மொழிகளில் இருக்கும் பெயரே இந்தச் செயலிலிருந்து வந்ததுதான். ஒன்பதாம் நூற்றாண்டில், கலீஃபா அல்-மாமூன் காலத்து பாக்தாத்தில் அல்-குவாரிஸ்மி எழுதிய நூலின் தலைப்பில் இரண்டு சொற்கள் உண்டு: அல்-ஜப்ர், அல்-முகாபலா. ஜப்ர் என்றால் குறைபட்டதை மீட்டு முழுமையாக்குவது. உடைந்த எலும்பைச் சேர்த்துக் கட்டுவதற்கும் அதே சொல்தான். ஸ்பானிய மொழியில் எலும்பு கட்டுபவரை ஒரு காலத்தில் அல்ஹெப்ரிஸ்தா என்றே அழைத்தார்கள். முகாபலா என்றால் எதிரெதிரே நிறுத்தி ஒத்ததை ஒத்ததோடு கழிப்பது.

ஒரு உதாரணம், இது என்னுடையது, அவருடையது இல்லை: 10 − யா = யா + 4. இடது பக்கம் ஒரு பத்து இருக்கிறது, அதிலிருந்து ஒரு யா உடைந்துபோயிருக்கிறது. உடைந்ததை ஒட்டு. ஒட்டினால் இடது பக்கம் ஒரு யா கூடும். நியாயம் தவறக்கூடாது, வலது பக்கமும் ஒரு யா கூட்டு. 10 = 2யா + 4. இது ஜப்ர். இப்போது இரண்டு பக்கமும் எண்கள் எதிரெதிரே நிற்கின்றன, பொதுவான 4ஐ இரு பக்கமும் எடு. 6 = 2யா. இது முகாபலா. யா = 3. போட்டுப் பார்த்தால் 10 − 3 = 7, 3 + 4 = 7.

இதில் எதுவும் எந்தப் பக்கத்துக்கும் போகவில்லை! எந்த உறுப்பும் கட்சி மாறவில்லை. இரண்டு பக்கத்திலும் ஒரே காரியம் நடந்தது. அதைத் தள்ளி நின்று பார்த்தால், ஒரு மைனஸ் யா இங்கே மறைந்து அங்கே பிளஸ் யா-வாக முளைத்த மாதிரி தெரிகிறது. "அந்தப் பக்கம் போனா சைன் மாறும்" என்பது நடந்ததன் நிழல். நிழலை மட்டும் சொல்லிக்கொடுத்தால் என்ன ஆகும்? 3யா = 12 வந்தவுடன் பிள்ளை 3ஐ அந்தப் பக்கம் அனுப்பி யா = 12 − 3 = 9 என்று எழுதும். இல்லையென்றால் வகுக்கும்போதும் கொடியை மாற்றி யா = 12/−3 என்று எழுதும். இந்த இரண்டு தப்பும் என் பெண்ணின் தாளில் இருந்தன. இரண்டுமே நான் கொடுத்த மந்திரத்தின் விசுவாசமான பிரயோகம்.

இன்னொரு விஷயம். அல்-குவாரிஸ்மிக்கு ஏன் இரண்டு சொல் தேவைப்பட்டது, பாஸ்கரருக்கு ஏன் ஒரே பத்திக் கழித்தலில் வேலை முடிந்தது? அல்-குவாரிஸ்மி தனித்து நிற்கும் குறை எண்ணை ஏற்பதில்லை. அதனால் கழிபடுவதை முதலில் மீட்டு, பிறகுதான் எதிர்நிறுத்த முடியும். பாஸ்கரருக்கு, அவருக்கு ஐந்நூறு வருஷம் முன்பே 628இல் பிரம்மகுப்தர் எழுதிவைத்த கடன்-தன விதிகள் கையில் இருந்தன. 300இலிருந்து 100 கடனைக் கழித்தால் 400 என்று நேராகப் போய்விட முடிந்தது. பிள்ளைக்குக் குறை எண் கணக்கு ஆடிக்கொண்டிருக்கும்போது சமன்பாட்டைத் தொடங்கினால், அவள் அல்-குவாரிஸ்மியின் கையோடு பாஸ்கரரின் வேலையைச் செய்ய வேண்டியிருக்கிறது. தடுமாறாமல் என்ன செய்வாள்?

தராசு நல்லதா?

"அப்ப தராசு உவமை சொல்லலாமே" என்பீர்கள். பழத்தைவிட மேல்தான். சமக்குறி என்பது "விடை இதோ" என்ற அம்பு இல்லை, இரு பக்கமும் ஒன்று என்ற கூற்று. அதைத் தராசு நன்றாகக் காட்டும். 8 + 4 = □ + 5 என்று கொடுத்தால் நிறையப் பிள்ளைகள் கட்டத்தில் 12 என்று எழுதுவது, சமக்குறியை அம்பாகப் பார்ப்பதால்தான். சமக்குறியை 1557இல் அறிமுகப்படுத்திய ராபர்ட் ரெக்கார்ட் இரண்டு இணைகோடுகளைத் தேர்ந்தெடுத்ததற்குச் சொன்ன காரணமே, அவற்றைவிடச் சமமான இரண்டு பொருள் இருக்க முடியாது என்பதுதான். (எங்கள் தொழிலில் யா = யா + 1 என்று தினமும் எழுதுகிறோம். அது சமன்பாடு இல்லை, கட்டளை. இதைப் புரோகிராம் கற்கும் பிள்ளைக்கு யாராவது முதல் நாளே சொன்னால் புண்ணியம்.)

ஆனால் தராசுத் தட்டில் மைனஸ் 100ஐ எப்படி வைப்பீர்கள்? அங்கே தராசும் கைவிடுகிறது. எல்லா உவமைக்கும் ஒரு காலாவதித் தேதி உண்டு. அதைச் சொல்லாமல் கொடுப்பதுதான் தப்பு.

அப்ப 3ஆ + 2ஆ ஏன் 5ஆ? ஆப்பிளால் இல்லை. மூன்று ஏழும் இரண்டு ஏழும் ஐந்து ஏழு, மூன்று பத்தும் இரண்டு பத்தும் ஐந்து பத்து. எந்த எண்ணாக இருந்தாலும் இது மாறாது. புத்தகத்தில் பங்கீட்டுப் பண்பு என்று தனி அத்தியாயத்தில் தூங்கிக்கொண்டிருப்பது இதுதான்: (3 + 2) × ஆ. ஒத்த உறுப்புகளைச் சேர்ப்பது என்று தனியாக ஒரு விதியே கிடையாது.

ஒரு தடவை கோவைகளைச் சுருக்க ஒரு குட்டிப் புரோகிராம் எழுதினேன். ஒவ்வொரு உறுப்புக்கும் எழுத்தும் அடுக்கும் சேர்ந்து ஒரு சாவி, கெழு அதன் மதிப்பு. சாவி ஒன்றானால் மதிப்புகளைக் கூட்டு. கூட்டி பூஜ்யம் வந்தால் சாவியைத் தூக்கி எறி. டேட்டாபேஸில் குரூப் பை போடுகிறோமே, அதேதான். யா-வுக்கு ஒரு சாவி, யா²-க்கு வேறு சாவி. பத்து வரிகூட வரவில்லை. அந்தப் புரோகிராமுக்கு ஒரு பழமும் தெரியாது. பாஸ்கரரின் பத்திகளும் அதே சாவிகள்தான் என்று அன்றைக்கு எனக்குத் தோன்றவில்லை. மெஷினுக்குச் சரியாகச் சொல்லிக்கொடுத்தவன், பெண்ணுக்குத் தப்பாகச் சொல்லிக்கொடுத்திருக்கிறேன்.

திரும்பவும் மேசைக்கு

ஒரு ஞாயிற்றுக்கிழமை அவளைக் கூப்பிட்டு முதலில் மன்னிப்புக் கேட்டேன். "உன் தப்பு இல்ல கண்ணு, நான் சொன்ன உதாரணம் தப்பு." அவள் நம்பவில்லை. பெரியவர்கள் சும்மா ஆறுதலுக்குச் சொல்வார்கள் என்பது அவளுக்குத் தெரியும். "சரி, போட்டுப் பாரு" என்றேன். ஆ 7, வா 10. 3ஆ + 2வா என்ன? 41. 5ஆவா? ஐந்து ஏழு முப்பத்தைந்து, பத்தால் பெருக்கினால் 350. கொஞ்ச நேரம் பார்த்துக்கொண்டிருந்தாள். "இதை அன்னைக்கே சொல்லியிருக்கலாம்ல?"

சொல்லியிருக்கலாம்தான்.

பிறகு குதிரைக் கணக்கைக் கொடுத்தேன். பேனாவைத் தொடவே இல்லை. "இவன்கிட்ட நாலு குதிரை கூட. அவன்கிட்ட நானூறு ரூபா கூட. அப்ப நாலு குதிரை நானூறு. நூறு ரூபாப்பா." சொல்லிவிட்டு, "யா-வே வேண்டாமே இதுக்கு?" என்றாள். வேண்டாம்தான். குதிரையைக் குதிரையோடும் பணத்தைப் பணத்தோடும் தானாகவே ஒப்பிட்டுவிட்டாள். கணக்கு வராது என்று சொன்ன பிள்ளை, மனசுக்குள்ளேயே இரண்டு பத்தி போட்டுக் கழித்திருக்கிறாள்.

"சரி, இப்ப 3ஆ + 2வா-வை ஏன் சுருக்க முடியல?" என்று கேட்டேன். "ஆப்பிள் என்ன விலை, வாழைப்பழம் என்ன விலைன்னு தெரியாம எப்படிப்பா சுருக்கறது?" பழம் போய் விலை வந்துவிட்டது. எனக்கு அது போதும்.

இந்த மாசத் தேர்வில் 25க்கு 17. 2(யா + 3) = 2யா + 3 என்று ஒரு இடத்தில் எழுதி இரண்டு மார்க் விட்டிருந்தாள். நான் வாயைத் திறப்பதற்குள் அவளே சொன்னாள்: "தெரியும்ப்பா, பஸ்ல வரும்போது யா-வுக்கு ஒண்ணு போட்டுப் பார்த்தேன். ஒரு பக்கம் எட்டு வருது, இன்னொரு பக்கம் அஞ்சுதான் வருது."